லிட்டில் இத்தாலி மாஃபியா நடைச் சுற்றுலா: ஓய்வுபெற்ற போலீஸ்கார அப்பாவைக் கூட்டிப் போகலாமா?

மழைக்குருவி:

வணக்கம். அப்பா அடுத்த மாதம் வருகிறார், மூன்று மாதம் எங்களோடுதான் இருப்பார். நாங்கள் ஜெர்சி சிட்டியில் இருக்கிறோம். சுதந்திர தேவி சிலை, டைம்ஸ் ஸ்கொயர், எம்பயர் ஸ்டேட் எல்லாம் போன தடவையே முடிந்துவிட்டது. இந்த முறை போனிலேயே சொல்லிவிட்டார், "அந்த மாஃபியாக்காரனுங்க இருந்த தெரு அங்கேதானே இருக்கு, அதைக் காட்டும்மா, வேற எதுவும் வேண்டாம்" என்று. அவர் 34 வருடம் போலீஸில் இருந்தவர், ஏட்டாக இருந்து கடைசியில் சிறப்பு எஸ்.ஐ. ஆகி ஓய்வுபெற்றார். கேஸ் கதை என்றால் சாப்பாட்டு நேரம் கூட மறந்துவிடும்.

தேடிப் பார்த்தேன். மன்ஹாட்டனில் லிட்டில் இத்தாலி, சைனாடவுன் இரண்டையும் சேர்த்து இரண்டு, இரண்டரை மணி நேரம் நடத்திக் கூட்டிப் போகிற சுற்றுலாக்கள் நிறைய இருக்கின்றன. பணம் கட்டுவதற்கு முன்னால் இங்கே கேட்டுவிடலாம் என்று நினைத்தேன். அப்பாவுக்கு 68 வயது, நன்றாக நடப்பார், ஆனால் அரை மணிக்கு ஒரு தடவை உட்கார இடம் வேண்டும். மகளுக்கு 13 வயது, அவளும் வருவேன் என்கிறாள். கொலைக் கதைகளை அவள் முன்னால் எப்படிச் சொல்வார்களோ தெரியவில்லை. எங்கள் அலுவலகத்தில் ஒருவர் போய்விட்டு வந்து, தொப்பி மாட்டி பொம்மைத் துப்பாக்கியோடு போட்டோ எடுத்தார்கள் என்று சொன்னார், அதைக் கேட்டதிலிருந்து மனசு ஒட்டவில்லை.

இன்னொன்று, இதுதான் எனக்கு ரொம்ப உறுத்துகிறது. அது பிழைக்க வந்த ஜனங்கள் குடியிருந்த தெரு, இப்போதும் ஆட்கள் குடியிருக்கிறார்கள். அவர்கள் வாசலில் கூட்டமாக நின்று "இங்கேதான் இவனைச் சுட்டார்கள்" என்று கேட்டுவிட்டு வருவது சரிதானா? நாமும் இந்த நாட்டுக்குப் பிழைக்க வந்தவர்கள்தானே, நாளைக்கு நம் ஆட்கள் இருக்கும் தெருவில் யாராவது இப்படி நின்றால் எப்படி இருக்கும்? போனவர்கள் சொல்லுங்கள்.

நடைவாசி:

கூட்டிப் போங்கள். ஆனால் யார் கூட்டிப் போகிறார் என்பதுதான் எல்லாமே. நான் இரண்டு முறை போயிருக்கிறேன், அதே தெருக்கள், வேறு வேறு வழிகாட்டிகள்.

முதல் ஆள், மல்பெரி ஸ்ட்ரீட்டும் ஹெஸ்டர் ஸ்ட்ரீட்டும் சந்திக்கும் முனையில் எங்களை நிறுத்தி, ஜோ காலோ என்கிற ரவுடியை 1972 ஏப்ரல் 7 விடியற்காலையில் அங்கே இருந்த ஒரு கடல் உணவுக் கடையில் சுட்ட கதையைச் சொன்னார். சொன்னார் என்பதை விட நடித்தார் என்று சொல்ல வேண்டும், கையைத் துப்பாக்கி போல நீட்டி, ஓடி, சுவரில் சாய்ந்து, எல்லாரும் கைதட்டினார்கள். இரண்டாவது முறை போனபோது வந்தது ஒரு வயதான மனிதர். அதே முனை, அதே கதை, குரலை உயர்த்தவே இல்லை. அன்றைக்கு காலோவுக்குப் பிறந்தநாள், 43 வயது, கல்யாணமாகிச் சில வாரங்கள்தான் ஆகியிருந்தன, மேசையில் அந்தப் புது மனைவியும் அவருடைய சின்ன மகளும் உட்கார்ந்திருந்தார்கள் என்றார். அப்புறம், "அந்தப் பெண் குழந்தை நாற்காலியிலிருந்து என்ன பார்த்திருக்கும்" என்று மட்டும் கேட்டுவிட்டு நடக்க ஆரம்பித்துவிட்டார். ஹெஸ்டர் ஸ்ட்ரீட்டைத் தாண்டும் வரை யாரும் பேசவில்லை.

உங்கள் மகளுக்கு 13 வயது என்கிறீர்கள், முதல் ஆளிடம் கூட்டிப் போகாதீர்கள், இரண்டாவது மாதிரி ஆளிடம் தாராளமாகக் கூட்டிப் போகலாம்.

நான் அன்றைக்குப் பார்த்ததில் இன்றும் மறக்காதது ஒரு காகிதம். அந்தப் பெரியவர் தோள்பையிலிருந்து பிளாஸ்டிக் உறையில் போட்ட ஒரு கடிதத்தின் நகலை எடுத்துக் கையில் கொடுத்தார். கீழே மையை அப்பி வரைந்த ஒரு கை, பக்கத்தில் ஒரு கத்தி, ஒரு மண்டை ஓடு, பள்ளிக்கூடப் பையன் வரைந்த மாதிரி கோணல்மாணலாக. ஆனால் மேலே இருந்த எழுத்து அவ்வளவு மரியாதை! மதிப்புக்குரிய ஐயா, தாங்கள் நலமாக இருக்க வேண்டும் என்பதே எங்கள் விருப்பம் என்கிற தோரணையில் ஆரம்பித்து, இவ்வளவு பணத்தை இன்ன இடத்துக்குக் கொண்டு வரவில்லையென்றால் உங்கள் கடை இருக்காது என்று முடிகிறது. இதுதான் "கறுப்புக் கை". நான் அதுவரை அது ஏதோ ஒரு பெரிய கும்பலின் பெயர் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கும்பல் இல்லை, அது ஒரு மிரட்டல் முறை. பேனாவும் காகிதமும் இருக்கிற எவனும் அந்தக் கையை வரைந்து அனுப்பலாம், வாங்கியவனுக்கு அது பத்துப் பேர் கும்பலா பக்கத்து அறைக்காரனா என்று தெரியாது, அந்தத் தெரியாமைதான் ஆயுதம்.

யாருக்கு அனுப்பினார்கள் என்று பாருங்கள். பணக்கார அமெரிக்கனுக்கு இல்லை. சொந்த ஊரிலிருந்து வந்து நாலு காசு சேர்த்து ரொட்டிக் கடை, மளிகைக் கடை வைத்தவனுக்கு, ஊருக்குப் பணம் அனுப்பித் தருகிற சின்ன வங்கிக்காரனுக்கு. பணம் வரவில்லையென்றால் வாசலில் வெடி வைப்பார்கள், இல்லை பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போவார்கள். 1880 முதல் 1920 வரை சுமார் 40 லட்சம் இத்தாலியர்கள் இந்த நாட்டுக்கு வந்தார்கள், பெரும்பாலும் தெற்குப் பக்கத்து ஏழைகள். இந்தப் பகுதியில் மல்பெரி ஸ்ட்ரீட் பக்கம் நேப்பிள்ஸ்காரர்கள், எலிசபெத் ஸ்ட்ரீட்டில் சிசிலிக்காரர்கள் என்று ஊர் ஊராகப் பிரிந்து குடியேறினார்கள். அந்த லட்சக்கணக்கான பேரில் மிரட்டினவன் கைவிரல் அளவு, பயந்து பயந்து கதவைத் தாழ் போட்டவர்கள்தான் மிச்ச எல்லாரும். 1910-ல் ஊரே கொண்டாடிய பாடகர் என்ரிகோ கரூசோவுக்கே 15,000 டாலர் கேட்டுக் கடிதம் வந்தது. அவர் போலீஸுக்குச் சொன்னார், பொறி வைத்துப் பிடித்தார்கள். ரொட்டிக் கடைக்காரன் சொல்லவில்லை. மொழி தெரியாது, போலீஸில் பாதிக்கு மேல் ஐரிஷ்காரர்கள், அவர்களுக்கு இவனைக் கண்டால் ஆகாது, புகார் கொடுத்துவிட்டு ராத்திரி வீட்டுக்குத்தான் திரும்பி வர வேண்டும்.

அதனால், ஆட்கள் குடியிருக்கும் வாசலில் நின்று கதை கேட்பது சரியா என்ற உங்கள் கேள்விக்கு என் பதில், யாருடைய கதையைக் கேட்கிறோம் என்பதைப் பொறுத்தது. எலிசபெத் ஸ்ட்ரீட் வழியாகப் போவீர்களா என்று முன்பதிவு செய்யும்போதே கேளுங்கள். அங்கே போட்டோ எடுக்க ஒன்றுமே இல்லை, அதனால் வேடிக்கைக்காரர்கள் அந்தப் பக்கம் வரமாட்டார்கள். வருகிறேன் என்று சொல்கிற வழிகாட்டி நல்ல வழிகாட்டி.

கிழக்குவாசல்:

நடைவாசி எழுதியது நன்றாக இருக்கிறது, ஆனால் நான் முழுசாக ஒத்துக்கொள்ள மாட்டேன். கேனல் ஸ்ட்ரீட்டுக்குத் தெற்கே, சைனாடவுனில் ஆறு வருடம் வேலை பார்த்தவன் நான், மதியம் தினமும் டோயர்ஸ் ஸ்ட்ரீட் வழியாகத்தான் போவேன். ஒரே ஒரு பிளாக் நீளம்தான் அந்தச் சந்து, நடுவில் முழங்கை போல மடங்கும், இந்த முனையில் நிற்பவனுக்கு அந்த முனையில் வருபவன் தெரியமாட்டான். அந்த மடக்கில்தான் எல்லாச் சுற்றுலாவும் நிற்கும். "ரத்த முனை" என்று உரக்கச் சொல்வார்கள், அமெரிக்காவிலேயே அதிகக் கொலை நடந்த இடம் என்று அடித்துவிடுவார்கள், எந்தக் கணக்கை வைத்துச் சொல்கிறீர்கள் என்று ஒருநாள் நின்று கேட்டேன், பதில் வரவில்லை. அந்த நேரத்தில் முடிதிருத்தும் கடையிலிருந்து வெளியே வந்த ஒரு சீனப் பாட்டி கூட்டம் விலகட்டும் என்று கைப்பையைப் பிடித்துக்கொண்டு படியிலேயே நின்றுகொண்டிருந்தார். ஒருவரும் கவனிக்கவில்லை.

சைனாடவுன் பாதியை இவர்கள் சொல்கிற விதம்தான் எனக்குக் கோபம். அங்கே சண்டை போட்ட கும்பல்களை டாங் என்பார்கள், டாங் என்றால் சும்மா மண்டபம், சங்கம் என்றுதான் அர்த்தம். ஆன் லியோங், ஹிப் சிங் என்று இரண்டு பெரிய சங்கங்கள், சூதாட்ட விடுதிகளும் அபினும் யார் கையில் என்பதற்காக 1900-களின் ஆரம்பத்தில் வெட்டிக்கொண்டார்கள், சுட்டுக்கொண்டார்கள், அதெல்லாம் உண்மைதான். 1905 ஆகஸ்டில் டோயர்ஸ் ஸ்ட்ரீட் நாடகக் கொட்டகையில் நிகழ்ச்சி நடக்கும்போதே சீன வெடியைக் கொளுத்திப் போட்டு, அந்தச் சத்தத்துக்குள் எதிராளிகளைச் சுட்டார்கள். இந்தக் கதையை எல்லாரும் சொல்வார்கள். ஆனால் அந்த ஆண்கள் எல்லாம் ஏன் தனியாக இருந்தார்கள் என்று சொல்லமாட்டார்கள். 1882-ல் அமெரிக்க அரசாங்கம் சீனத் தொழிலாளிகள் உள்ளே வரக்கூடாது என்று சட்டம் போட்டது, அது 1943 வரை நின்றது. ஏற்கெனவே வந்தவன் பெண்டாட்டியைக் கூட்டி வர வழியில்லை, குடியுரிமை கிடையாது, நல்ல வேலைக்கு எடுக்க மாட்டார்கள், வழக்குப் போட்டால் அவன் சாட்சியை மதிக்க மாட்டார்கள். துணி வெளுத்துவிட்டு ஞாயிற்றுக்கிழமை வருகிறவனுக்குப் பேச்சுத்துணை, கடன், சாவுச் செலவு எல்லாம் அந்தச் சங்கம்தான். சூதாட்ட விடுதியிலிருந்து போலீஸுக்கு மாமூல் போனது, அது நின்றால்தான் சோதனை வரும். இதையெல்லாம் விட்டுவிட்டுக் கோடரி, துப்பாக்கி என்று மட்டும் சொன்னால் அது அந்த மக்களைப் பற்றிய பொய்.

அப்புறம் பௌ கம் என்ற பெண். சீனாவில் சின்ன வயதில் விற்கப்பட்டு, சான் பிரான்சிஸ்கோவில் ஒருவன் கையில் சிக்கி, அங்கிருந்து கிறிஸ்தவ மிஷன் பெண்கள் மீட்டு, கல்யாணமாகி நியூயார்க் வந்தவள். பழைய ஆள் "நான் காசு கொடுத்து வாங்கினேன், அவளைக் கொடு, இல்லை காசைக் கொடு" என்று வந்து நின்றான். 1909 ஆகஸ்டில் மாட் ஸ்ட்ரீட்டில் அவள் வீட்டுக்குள்ளேயே குத்திக் கொன்றார்கள், அதை வைத்து அடுத்த சண்டை மூண்டது. சண்டையின் கணக்கில் அவள் ஒரு காரணமாக மட்டும் வந்துவிட்டுப் போகிறாள். அவளுக்காக ஒரு நிமிடம் நிற்கிற வழிகாட்டி இருந்தால் எனக்குச் சொல்லுங்கள், நானே பணம் கட்டிப் போகிறேன்.

மழைக்குருவி, என் யோசனை: சுற்றுலாவே வேண்டாம், நீங்களே படித்துவிட்டு அப்பாவைக் கூட்டிப் போங்கள். மூன்று பேராகப் போனால் யார் வாசலையும் மறிக்க மாட்டீர்கள்.

பழைய ரயில்:

அம்மா, உங்கள் அப்பா போலீஸ்காரர் என்று சொன்னதால் எழுதுகிறேன், மாஃபியாக்காரனை விட்டுவிடுங்கள், அவர் பார்க்க வேண்டியது ஒரு போலீஸ்காரரின் தடம். பெயர் ஜோசப் பெட்ரோசினோ.

1860-ல் தெற்கு இத்தாலியில் படுலா என்ற ஊரில் பிறந்து, சின்னப் பையனாக இங்கே வந்தவர். அப்போது நியூயார்க் போலீஸ் தலைமையகம் மல்பெரி ஸ்ட்ரீட் 300-ஆம் எண்ணில் இருந்தது, அதன் முன்னால் உட்கார்ந்து ஷூவுக்குப் பாலிஷ் போட்டவர், அப்புறம் தெருக் கூட்டும் வேலை, 1883-ல் போலீஸ். உயரம் 5 அடி 3 அங்குலம்தான், விதிப்படி சேர முடியாது, இத்தாலி மொழி தெரிந்த ஆள் வேண்டும் என்பதற்காக விலக்குக் கொடுத்துச் சேர்த்தார்கள். 1895-ல் துப்பறியும் சார்ஜென்ட் ஆக்கியது அப்போது போலீஸ் கமிஷனர்களில் ஒருவராக இருந்த தியோடர் ரூஸ்வெல்ட், பிறகு ஜனாதிபதி ஆனாரே, அவர்தான். நகரத்தில் இருந்த இத்தாலியர்களோ லட்சக்கணக்கில், அவர்கள் பேச்சைப் புரிந்துகொள்கிற போலீஸ்காரர்களை விரல்விட்டு எண்ணலாம். இவர் மன்றாடி மன்றாடி இத்தாலியப் பிரிவு என்று ஒன்றை வாங்கினார், முதலில் கொடுத்தது ஐந்து பேர்.

நடைவாசி சொன்ன கறுப்புக் கைக் கடிதங்களை விசாரித்தது இந்த ஐந்து பேர்தான். 1903-ல் கிழக்கு 11-ஆம் ஸ்ட்ரீட்டில் ஒரு மரப் பீப்பாய்க்குள் பிணம் கிடந்தது, யார் என்றே தெரியவில்லை. பெட்ரோசினோ சிங் சிங் சிறைக்குப் போய் அங்கே இருந்த கள்ளநோட்டுக் கைதி ஒருவனிடம் படத்தைக் காட்டினார், அவன் பார்த்துவிட்டு என் மச்சான் என்றான். அந்த வழக்கில் யாரும் தண்டனை பெறவில்லை, ஆனால் சந்தேகப்பட்ட மொரெல்லோ கும்பலின் தலைகள் பின்னால் கள்ளநோட்டு வழக்கில் மாட்டி, மொரெல்லோவுக்கு 25 வருடம், லூப்போவுக்கு 30 வருடம் என்று உள்ளே போனார்கள். உங்கள் அப்பாவுக்கு இந்த மாதிரி விவரம்தான் பிடிக்கும் என்று நினைக்கிறேன்.

1909-ல் இங்கே இருக்கிற குற்றவாளிகளின் பழைய வழக்குக் கட்டுகளைத் தேடி எடுக்க சிசிலிக்குத் தனியாகப் போனார், அந்த ஆதாரம் இருந்தால் நாடு கடத்தலாம் என்பதற்காக. ரகசியப் பயணம், ஆனால் அவருடைய கமிஷனரே பத்திரிகைக்காரர்களிடம் சொல்லிவிட, செய்தி அச்சில் வந்துவிட்டது. மார்ச் 12 இரவு பலெர்மோவில் பியாத்சா மரீனா சதுக்கத்தில் சுட்டுக் கொன்றார்கள். ஏப்ரல் 12 அன்று நியூயார்க்கில் இறுதி ஊர்வலம், மாட் ஸ்ட்ரீட் பழைய செயின்ட் பேட்ரிக் தேவாலயத்தில் பூசை, தெருவில் 2 லட்சம் பேருக்கு மேல் நின்றார்கள் என்று எழுதியிருக்கிறார்கள். கறுப்புக் கைக்குப் பயந்து வாய் திறக்காத ஜனங்களா என்று நினைத்துப் பாருங்கள், அன்றைக்கு அத்தனை பேரும் வெளியே வந்து நின்றார்கள்.

ஸ்பிரிங் ஸ்ட்ரீட் ரயில் நிலையத்தை ஒட்டி அவர் பெயரில் ஒரு முக்கோணத் திடல் இருக்கிறது, 1987-ல் பெயர் வைத்தார்கள், உட்கார பெஞ்சு இருக்கிறது. கொஞ்சம் தெற்கே சென்டர் ஸ்ட்ரீட் 240-ல் குவிமாடம் வைத்த பெரிய கட்டடம், 1909-ல் திறந்த போலீஸ் தலைமையகம், இப்போது அடுக்குமாடிக் குடியிருப்பு. மதுவிலக்குக் காலத்தில் இந்தக் கட்டடத்திலிருந்து கூப்பிடு தூரத்தில், கென்மேர் ஸ்ட்ரீட் பக்கத்து நடைபாதைகளில்தான் கள்ளச் சாராய வியாபாரிகள் கூடி, என்னிடம் விஸ்கி அதிகம், உன்னிடம் ஜின் அதிகம் என்று சந்தை மாதிரி மாற்றிக்கொண்டார்கள்.

இன்னொரு இடமும் காட்டுங்கள், மல்பெரி ஸ்ட்ரீட் 247. ஜான் காட்டி என்பவன் காம்பினோ என்கிற மாஃபியா குடும்பத்தின் தலைவனாக இருந்தபோது உட்கார்ந்திருந்த ரவனைட் மன்றம், இப்போது சாதாரணக் கடை. பெட்ரோசினோவுக்குப் பூசை நடந்த தேவாலயத்தின் பின்பக்கத்துக்கும் இதற்கும் நடுவே ஓரிரு நிமிட நடைதான். காட்டி மூன்று வழக்குகளில் அடுத்தடுத்து விடுதலை ஆனவன், அதில் ஒன்றில் ஜூரி உறுப்பினர் ஒருவரை விலைக்கு வாங்கியிருந்தார்கள் என்று பின்னால் தெரிந்தது. மன்றத்துக்குள் ஒட்டுக்கேட்கும் கருவி இருக்கும் என்று சந்தேகப்பட்டு முக்கியமான பேச்செல்லாம் மாடியில் ஒரு விதவை அம்மாவின் வீட்டில் வைத்துக்கொண்டார்கள். எஃப்.பி.ஐ. அதைக் கண்டுபிடித்து, 1989-ல் அந்த அம்மா ஊரில் இல்லாத நாளாகப் பார்த்து அங்கேயும் கருவியைப் பொருத்தியது. 1990 டிசம்பர் 11-ல் மன்றத்திலேயே கைது, 1992 ஏப்ரல் 2-ல் குற்றவாளி என்று தீர்ப்பு, 2002-ல் சிறையில் சாவு. 1970-ல் கொண்டுவந்த ரீகோ சட்டம்தான் இதற்கெல்லாம் அடிப்படை. ஒரு கொலை, ஒரு மிரட்டல் என்று தனித்தனியாக இல்லாமல், முழு அமைப்பையும் ஒரே வழக்கில் சேர்த்து நிறுத்தலாம். அப்பாவிடம் இதை விளக்கிச் சொல்லுங்கள், அவர் கேட்கும் கேள்விகளுக்குப் பதில் சொல்ல உங்களுக்கு ஒரு நாள் போதாது.

கிழக்குவாசல் சொல்கிற கோபம் நியாயமானது. ஆனாலும் நல்ல வழிகாட்டியை வைத்துக்கொள்வது நல்லது, ஏனென்றால் இந்த இடங்களில் பாதிக்கு மேல் கல்வெட்டோ பலகையோ கிடையாது, தெரியாதவர் நடந்தால் வெறும் கடைவீதி.

கூழாங்கல்:

நடைமுறை விஷயங்கள் மட்டும் சொல்கிறேன். நீங்கள் ஜெர்சி சிட்டியிலிருந்து பாத் (PATH) ரயிலில் வேர்ல்ட் டிரேட் சென்டர் வந்து இறங்கினால், கொலம்பஸ் பூங்கா வரை மெதுவாக நடந்தே வந்துவிடலாம். அங்கே ஆரம்பிப்பது நல்லது, பெஞ்சு நிறைய, சீனப் பெரியவர்கள் சதுரங்கம் ஆடிக்கொண்டும் பாட்டு வாசித்துக்கொண்டும் இருப்பார்கள், அப்பாவுக்குப் பொழுது போகும். அந்தப் பூங்கா இருக்கும் இடம் முன்னால் மல்பெரி வளைவு என்ற நெருக்கமான குடிசைப் பகுதி. அதையும் அதை ஒட்டிய ஐந்து முனைச் சந்திப்பையும் வைத்துத்தான் ஐரிஷ்காரர்கள் காலத்து ரவுடிக் கதைகள் எல்லாம். ஜேக்கப் ரீஸ் என்ற பத்திரிகைக்காரர் போட்டோ எடுத்துப் போட்டு எழுதி எழுதி இடிக்க வைத்தார், 1897-ல் பூங்கா ஆனது.

செப்டம்பரில் சான் ஜெனாரோ திருவிழா 11 நாள் நடக்கும், அப்போது மல்பெரி ஸ்ட்ரீட்டில் கால் வைக்க முடியாது, வழிகாட்டி பேசுவது காதில் விழாது. அந்த நாட்களைத் தவிர்த்துவிடுங்கள். வார நாள் காலை சிறந்தது. நியூயார்க்கில் வழிகாட்டி வேலை செய்ய நகர நிர்வாகத்தின் உரிமம் வேண்டும், இருக்கிறதா என்று தயங்காமல் கேளுங்கள். எத்தனை பேர் கும்பல் என்றும் கேளுங்கள், பத்துப் பேருக்கு மேல் என்றால் வேண்டாம். முடிந்ததும் டிப்ஸ் கொடுப்பது வழக்கம்.

மகளுக்காக இன்னொன்று. ஆர்ச்சர்ட் ஸ்ட்ரீட் 97-ல் டெனிமென்ட் அருங்காட்சியகம் இருக்கிறது, டெனிமென்ட் என்றால் பிழைக்க வந்தவர்கள் நெருக்கியடித்துக் குடியிருந்த வாடகைக் கட்டடம். 1863 முதல் 1935 வரை கிட்டத்தட்ட 7,000 பேர் குடியிருந்த ஒரே கட்டடம், அதில் ஒரு வீடு என்றால் மூன்று அறையும் சேர்ந்து 325 சதுர அடி. அதைப் பார்த்துவிட்டு அதற்குப் பிறகு தெருவில் நடந்தால், கறுப்புக் கைக் கடிதம் எந்தக் கதவுக்கு அடியில் வந்து விழுந்தது என்று அவளுக்குத் தானாகப் புரியும்.

மழைக்குருவி:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி. போன வியாழக்கிழமை போய்விட்டு வந்தோம். நடைவாசி சொன்னபடி ஐந்து இடங்களுக்கு எலிசபெத் ஸ்ட்ரீட் போவீர்களா என்று கேட்டு எழுதினேன். இரண்டு பேர் பதிலே போடவில்லை, இரண்டு பேர் இல்லை என்றார்கள். ஒரு அம்மா மட்டும், "போவோம், என் பாட்டி அந்தத் தெருவில்தான் பிறந்தார்" என்று எழுதினார். அவரையே பிடித்துக்கொண்டோம். எங்களோடு சேர்த்து ஏழு பேர்தான்.

கிழக்குவாசல், உங்களுக்காக பௌ கம் பற்றிக் கேட்டேன். மாட் ஸ்ட்ரீட்டில் அந்தக் கட்டடத்துக்கு எதிர்ப்பக்கம், நடைபாதை ஓரமாக எங்களை ஒதுங்கி நிற்கச் சொல்லிவிட்டு, தாழ்ந்த குரலில் சொன்னார். டோயர்ஸ் ஸ்ட்ரீட்டில் நிற்கவே இல்லை, நடந்துகொண்டே பேசினார், இது ஆட்கள் வீட்டுக்குப் போகிற வழி என்றார்.

அப்பாவுக்கு ஆங்கிலம் கொஞ்சம்தான் புரியும், நான் பக்கத்திலேயே நின்று மொழிபெயர்த்துக்கொண்டு வந்தேன். காலோ, காட்டி எல்லாம் வந்தபோது உம் கொட்டினார், அவ்வளவுதான். பெட்ரோசினோ திடலில் பெஞ்சில் உட்கார்ந்த பிறகுதான் விசாரணையே ஆரம்பித்தது. பிரிவுக்கு எத்தனை பேர் கொடுத்தார்கள் என்று கேட்டார். ஐந்து பேர் என்றேன். "அஞ்சு பேரா? ஒருத்தன் லீவு, ஒருத்தன் கோர்ட் டியூட்டி, ஒருத்தன் பந்தோபஸ்து, மிச்சம் ரெண்டு பேரை வச்சு இவ்ளோ பெரிய ஊரை எப்படிம்மா பார்த்தான் மனுஷன்" என்றார். இதை அந்த அம்மாவிடம் அப்படியே சொன்னேன், அவர் நோட்டை எடுத்து எழுதிக்கொண்டார், இந்தக் கோணத்தில் யாரும் கேட்டதில்லை என்றார். அப்புறம் அப்பா, பயணத்தை வெளியே சொன்னது யார் என்று திரும்பத் திரும்பக் கேட்டார். கமிஷனர் என்று சொன்னதும் எழுந்து கொஞ்ச தூரம் நடந்துவிட்டு வந்தார். கொன்றவனுக்குத் தண்டனை கிடைத்ததா என்றார். சந்தேகத்தில் டான் வீட்டோ கஷியோ ஃபெரோ என்று ஒரு சிசிலி மாஃபியாத் தலைவன் பெயர் அடிபட்டது, யாரும் தண்டனை பெறவில்லை என்றார் வழிகாட்டி.

எலிசபெத் ஸ்ட்ரீட்டில் மகள்தான் கேட்டாள், கடிதம் வந்த உடனே ஏன் போலீஸிடம் போகவில்லை என்று. நான் மொழிபெயர்ப்பதற்கு முன்னாலேயே அப்பா அவளிடம், "பாஷை தெரியாத ஊர்ல ஸ்டேஷன் படி ஏற எவனுக்கும் கால் வராது கண்ணு. நானே பார்த்திருக்கேன், வாசல் வரைக்கும் வந்து திரும்பிப் போனவங்களை" என்றார். போலீஸில் இருந்த காலத்தைப் பற்றி அவர் அப்படிப் பேசி நான் கேட்டதில்லை. வழிகாட்டி அம்மா என்ன சொன்னார் என்று கேட்டார், சொன்னேன். தன் பாட்டி கடைசி வரை கதவைத் தட்டினால் உடனே திறக்க மாட்டாராம், முதலில் தரையைப் பார்ப்பாராம், காகிதம் ஏதாவது கிடக்கிறதா என்று.

இப்போது ஒரு புதுக் கேள்வி. பெட்ரோசினோவை அடக்கம் செய்த கால்வரி கல்லறைத் தோட்டம் குவீன்ஸில் இருக்கிறதாம், அப்பா பூ வாங்கிக்கொண்டு ஒருநாள் போக வேண்டும் என்கிறார். சுமார் 30 லட்சம் பேர் அடக்கமான இடம் என்று படித்தேன், நேராகப் போனால் கண்டுபிடிக்க முடியுமா, அலுவலகத்தில் கேட்டால் வழி சொல்வார்களா? போனவர்கள் யாராவது இருந்தால் எழுதுங்கள், சனிக்கிழமை போகலாம் என்று இருக்கிறோம்.